கோப்பு நடக்கட்டும்

போர்ட் கொச்சியிலிருந்து மட்டாஞ்சேரிக்கு நடந்தே போய்விடலாம். பஜார் ரோடு வழியாகப் போனால், மிளகும் சுக்கும் அரிசியும் மணக்கும் பழைய கிடங்குகளைத் தாண்டிச் சற்று நேரத்தில் அரண்மனை வந்துவிடும். 1949 வரை இந்த நடை ஓர் அரசிலிருந்து இன்னோர் அரசுக்குள் போகும் நடையாக இருந்தது. 1663இல் போர்ச்சுக்கீசியரிடமிருந்து டச்சுக்காரர்கள் பிடித்த கோட்டைப் பகுதி 1795இல் ஆங்கிலேயர் கைக்கு மாறியது. பிறகு அது பிரிட்டிஷ் கொச்சி என்ற பெயரில் மெட்ராஸ் மாகாணத்து மலபார் மாவட்டத்தில் சேர்ந்தது. மட்டாஞ்சேரியோ கொச்சி மகாராஜாவின் நிலம். கோட்டைப் பக்கத்து வியாபாரி மட்டாஞ்சேரிக் கிடங்குக்காரருக்குக் கொடுத்த கடன் திரும்பி வராவிட்டால், எந்தக் கோர்ட்டில் பிராது கொடுப்பது என்பதுதான் அவருக்கு முதல் கவலை. கோட்டைக்குள் வழக்குப் போட்டால் மேல்முறையீட்டின் பாதை மெட்ராஸ் உயர்நீதிமன்றத்துக்குப் போகும். மட்டாஞ்சேரியில் போட்டால் எறணாகுளத்தில் இருந்த மகாராஜாவின் தலைமை நீதிமன்றத்தில் முடியும். ஒரு பக்கத்துத் தீர்ப்பை மறுபக்கத்தில் நிறைவேற்ற வேண்டுமென்றால் அதற்கென்று தனியாக அரசின் அறிவிக்கை வேண்டும். சமஸ்தானக் கோர்ட்டுகளின் தீர்ப்பாணைகளுக்காக 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் 44ஆம் பிரிவே தனியாக இருந்தது.

அதற்கும் முந்தைய டச்சுக் காலத்துக் கொச்சியின் ஆவணக் கட்டுகள் இன்று சென்னை எழும்பூரில், தமிழ்நாடு ஆவணக்காப்பகத்தில் இருக்கின்றன. கொச்சியின் வழக்குகளும் காகிதங்களும் ஊரைவிட்டு வெகுதூரம் பயணம் போவது பழைய பழக்கம்.

இவ்வளவு பழங்கதை எதற்கென்றால், 1956இல் நடந்த ஒரு காரியத்தைச் சொல்லத்தான். அந்த ஆண்டு நவம்பர் 1இல் மலபார் மாவட்டம் கேரளத்தோடு சேர்ந்தது. போர்ட் கொச்சியும் மட்டாஞ்சேரியும் ஒரே மாநிலத்துக்குள் வந்தன. மலபாரைச் சேர்ந்த வழக்குகள் அப்போது மெட்ராஸ் உயர்நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தன. அவை என்ன ஆயின? கேரள உயர்நீதிமன்றமே விசாரிக்க வேண்டியவை என்று மெட்ராஸ் தலைமை நீதிபதி சான்றளித்த வழக்குகள் அப்படியே புதிய உயர்நீதிமன்றத்துக்கு அனுப்பப்படும் என்று மாநில மறுசீரமைப்புச் சட்டம் ஏற்பாடு செய்திருந்தது. வழக்காடிய யாரும் மனுவை வாபஸ் வாங்க வேண்டியதில்லை, மறுபடி கட்டணம் கட்ட வேண்டியதில்லை, நாள் கணக்குப் பார்த்துப் பதற வேண்டியதில்லை. எல்லையை மாற்றியது அரசு. ஆகவே கோப்பைத் தூக்கிக்கொண்டு போகிற வேலையையும் அரசே பார்த்துக்கொண்டது.

இன்றைய போர்ட் கொச்சிக்காரர் ஒருவருக்கு வங்கியோடு தகராறு வந்தால் அந்த மரியாதை கிடைப்பதில்லை.

*

போர்ட் கொச்சியிலிருந்து வாட்டர் மெட்ரோ படகில் ஏறினால் எறணாகுளம் கரையில் இறங்கும் துறைக்கே ஹைகோர்ட் என்றுதான் பெயர். 2023 ஏப்ரலில் தொடங்கிய வாட்டர் மெட்ரோ 2024இல் போர்ட் கொச்சிக்கும் வந்தது. அதன் பலகையிலும் அதே பெயர்தான் இருக்கிறது. மீன் விற்கப் போகிறவரும் துணி வாங்கப் போகிறவரும் ஹைகோர்ட்டுக்கு ஒரு டிக்கெட் என்று கேட்கிற ஊர் இது. எனவே வீட்டுச் சுவரில் வங்கி நோட்டீஸ் ஒட்டிவிட்டுப் போனால் இங்குள்ளவர்களுக்கு முதலில் நினைவு வருவது அந்தத் துறையும் அதற்குப் பின்னால் இருக்கிற பெரிய கட்டடமும்தான். ஒரு வக்கீலைப் பிடிக்கிறார்கள், வக்காலத்தில் கையெழுத்துப் போடுகிறார்கள், ரிட் மனு தாக்கலாகிறது.

அந்த நோட்டீஸை அனுப்ப வங்கிக்கு அதிகாரம் கொடுப்பது 2002ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டம். அடமானம் வைத்த சொத்தைக் கோர்ட்டுக்குப் போகாமலே வங்கி கைப்பற்றி விற்கலாம் என்பது அதன் சாரம். முதலில் 60 நாள் கெடு வைத்து ஒரு நோட்டீஸ் வரும். பணம் வராவிட்டால் உடைமை நோட்டீஸ் கதவில் ஏறும். இரண்டு நாளிதழ்களிலும் விளம்பரம் வரவேண்டும், அதில் ஒன்று வட்டார மொழியில் இருக்க வேண்டும். இங்கே வட்டார மொழி என்றால் மலையாளம். போர்ட் கொச்சியில் வெளி என்ற பகுதியில், தோபிகானா என்ற சலவைக்கூடத்தைச் சுற்றித் தலைமுறைகளாக வீட்டுக்குள் தமிழ் பேசி வாழும் குடும்பங்கள் இருக்கின்றன. அங்கே யாருக்காவது இப்படி ஒன்று வந்தால், கதவில் ஒட்டியது ஆங்கிலத்திலும் பத்திரிகையில் வந்தது மலையாளத்திலும் இருக்கும். கோர்ட்டில் நடப்பது மறுபடி ஆங்கிலம். அடுத்த கட்டத்தில் தலைமைக் குற்றவியல் நீதித்துறை நடுவர் அட்வகேட் கமிஷனர் ஒருவரை நியமிக்க, அவர் போலீசோடு வந்து வீட்டைப் பூட்டலாம். கமிஷனர் வரப்போகிறார் என்ற சொல் ஒரு குடும்பத்தின் தூக்கத்தை எடுத்துவிடும். இதில் கடன் வாங்கியவர், ஜாமீன் போட்டவர் என்ற வேற்றுமையும் இல்லை. ஜாமீன்தாரரும் சட்டத்தின் கண்ணில் கடனாளிதான்.

இதை எதிர்த்துப் போக சட்டம் காட்டும் இடம் ஹைகோர்ட் அன்று. பனம்பிள்ளி நகரில் வீட்டுவசதி வாரியக் கட்டடத்தில் இருக்கும் கடன் மீட்புத் தீர்ப்பாயம். வக்கீல்களும் வங்கிக்காரர்களும் டி.ஆர்.டி. என்பார்கள். 17ஆம் பிரிவின்படி, வங்கி நடவடிக்கை எடுத்த நாளிலிருந்து 45 நாட்களுக்குள் அங்கே மனு போட வேண்டும். சாதாரண சிவில் கோர்ட்டுகள் இதில் தலையிடக் கூடாது என்று 34ஆம் பிரிவு கதவைச் சாத்திவிட்டது. அரசியல் சட்டத்தின் 226ஆம் பிரிவு ஹைகோர்ட்டுக்குக் கொடுத்த அதிகாரத்தை மட்டும் எந்தச் சட்டத்தாலும் சாத்த முடியாது. ஆனால் அந்தக் கதவைத் திறக்க வேண்டாம் என்று உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லிவருகிறது.

2010இல் யுனைடெட் பேங்க் ஆஃப் இந்தியா வழக்கில் அது உறுதியாகச் சொன்னது: மாற்று வழி இருக்கும்போது கடன் வசூல் விவகாரங்களில் உயர்நீதிமன்றங்கள் ரிட் மனுவை ஏற்று இடைக்காலத் தடை தரக்கூடாது. 2018 ஜனவரி 30இல் அதையே கேரளத்திலிருந்து போன ஒரு வழக்கில் சொன்னது. மேல்முறையீடு செய்த வங்கி ஸ்டேட் பேங்க் ஆஃப் திருவாங்கூர். தீர்ப்பு வந்தபோது அந்த வங்கியே இல்லை, 2017 ஏப்ரல் 1இல் ஸ்டேட் பேங்க் ஆஃப் இந்தியாவோடு இணைந்துவிட்டிருந்தது. 2023 ஏப்ரலில் மறுபடியும் கேரள வழக்கு, இம்முறை சவுத் இந்தியன் பேங்க். இத்தனை முறை சொல்லியும் உயர்நீதிமன்றங்கள் கேட்பதில்லையே என்ற வருத்தம் அந்தத் தீர்ப்பில் தெரிகிறது.

ஏன் கேட்கவில்லை என்பதையும் புரிந்துகொள்ள வேண்டும். கேரள உயர்நீதிமன்றத்தில் நீண்ட காலம் ஒரு வழக்கம் இருந்தது. கடனாளி ரிட் போடுவார். நீதிபதி வங்கித் தரப்பைக் கேட்பார். நிலுவையை இத்தனை தவணையில் கட்டு, அதுவரை ஜப்தி வேண்டாம், ஒரு தவணை தவறினால் வங்கி மேற்கொண்டு போகலாம் என்று உத்தரவாகும். சட்ட நுணுக்கம் பார்த்தால் அது வலுவான உத்தரவல்ல. ஆனால் வீட்டை விற்காமல் பணம் கட்ட நினைத்தவருக்கு மூச்சுவிட நேரம் கொடுத்தது. வங்கிக்கும் பணம் வந்தது. அந்த வழக்கத்தைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இன்னொரு காரணம் ஊரின் நினைவில் இருக்கிறது. எறணாகுளத்தின் இடப்பள்ளிப் பக்கத்தில் ஒரு குடும்பம் 1994இல் நண்பர் ஒருவரின் 2 லட்சம் ரூபாய்க் கடனுக்கு ஜாமீன் நின்றது. அந்தக் கடன் வட்டியோடு வளர்ந்து கோடிக்கணக்காகக் காட்டப்பட்டது. 2014இல் கடன் மீட்புத் தீர்ப்பாயத்தின் வழியாக வீடும் நிலமும் 37.8 லட்சத்துக்கு ஏலம் போயின. சந்தை விலையோ அதற்குப் பல மடங்கு. அந்த வீட்டு அம்மா வாசலில் சிதை அடுக்கிப் போராடியதும், 2018 ஜூலையில் காலி செய்ய வந்த போலீசை அக்கம்பக்கத்தார் தடுத்ததும் கேரளம் முழுக்கச் செய்தியாயின. 2019 பிப்ரவரியில் கேரள உயர்நீதிமன்றம் அந்த ஏலத்தை ரத்து செய்து, சுமார் 43.5 லட்சம் ரூபாய் கட்டினால் வீடு அவர்களுக்கே என்றது. பிறகு, முந்தைய உத்தரவை மதிக்காததற்காக அவர்கள் நோயாளிகளுக்குச் சேவை செய்ய வேண்டும் என்றும் உத்தரவிட்டது. தீர்ப்பாயத்தில் போன வீடு ஹைகோர்ட்டில் திரும்பியது என்றுதான் சனங்கள் இதை நினைவில் வைத்திருக்கிறார்கள். அவர்களிடம் போய், இனி ஹைகோர்ட் வேண்டாம், தீர்ப்பாயத்துக்குப் போங்கள் என்றால், காப்பாற்றிய கதவை மூடிவிட்டுக் கைவிட்ட கதவைக் காட்டுவதாகத்தானே படும்?

*

ஆனாலும் ஹைகோர்ட்டில் போட்ட ரிட் மனுவைப் பாதியிலேயே வாபஸ் வாங்கிக்கொண்டு தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டிய நிலை வருகிறது. வாபஸ் வாங்கும் அந்த நிமிடத்தைப் பற்றிக் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். மனு விசாரணைக்கு வருகிறது. வங்கியின் வக்கீல் எழுந்து மேற்சொன்ன தீர்ப்புகளின் பெயர்களைச் சொல்கிறார். நீதிபதியின் முகம் எந்தப் பக்கம் சாய்கிறது என்பது வழக்கமாக நிற்கிற வக்கீலுக்கு உடனே தெரிந்துவிடும். வாதாடினால் மனு தள்ளுபடியாகும். தள்ளுபடி உத்தரவில் கடனைப் பற்றியோ மனுதாரரின் நடத்தையைப் பற்றியோ நான்கு வரி ஏறிவிட்டால், அந்த நான்கு வரிகளும் தீர்ப்பாயம் வரை பின்னால் வரும். எனவே, திரும்பப் பெற அனுமதி வேண்டும் என்று வக்கீல் கேட்கிறார். அனுமதி கிடைக்கிறது. அடுத்த வழக்கை அழைக்கிறார்கள். வழக்கின் போக்கை மாற்றும் முடிவு ஒன்று எடுக்கப்பட்டுவிட்டது. அதை எடுத்தவர் வக்கீல். அதன் விளைவைச் சுமப்பவர் பெரும்பாலும் அந்த அறையிலேயே இருப்பதில்லை, இருந்தாலும் நடந்தது புரிந்திருக்காது.

வெளி வராந்தாவில்தான் சொல்வார்கள்: “சேச்சி, இது இங்கே நிற்காது. வாபஸ் வாங்கியாச்சு. டி.ஆர்.டி.யில் போடுவோம்.” கேட்பவர் கேட்கும் கேள்வியும் எப்போதும் ஒன்றுதான்: “அப்போ வீடு, சாரே?”

அந்தக் கேள்விக்கான பதில், வாபஸ் உத்தரவில் என்ன எழுதியிருக்கிறது என்பதைப் பொறுத்தது. 1986இல் உச்ச நீதிமன்றத்துக்கு வந்த சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கு இதில் இன்றைக்கும் அடிப்படை. பஸ் பர்மிட் விவகாரம். கம்பெனி மத்தியப் பிரதேச உயர்நீதிமன்றத்தில் ரிட் போட்டு, மறுபடி தாக்கல் செய்யும் உரிமையைக் கேட்டு வாங்காமலே வாபஸ் பெற்றது. பிறகு அதே விஷயத்துக்கு இன்னொரு ரிட் போட்டது. நீதிபதி வெங்கடராமையா அது கூடாது என்றார். சிவில் வழக்குகளுக்கான நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளையின் கொள்கை பொதுநலன் கருதி ரிட் மனுவுக்கும் பொருந்தும் என்றார். சாதகமான நீதிபதி வரும்வரை மனுவைப் போட்டுப் போட்டு எடுப்பதைத் தடுப்பது அதன் நோக்கம். நியாயமான நோக்கம்தான். வேறு சட்ட வழிகள் இருந்தால் அவற்றை இது அடைக்காது என்றும் அதே தீர்ப்பு சொன்னது. ஆக, உரிமை கேட்காமல் ஹைகோர்ட்டில் வாபஸ் வாங்கிய போர்ட் கொச்சிக்காரர் பனம்பிள்ளி நகருக்குப் போகலாம். அங்கே போய் ஒன்றும் நடக்காவிட்டால் அதே குறையோடு ஹைகோர்ட்டுக்குத் திரும்பி வருவதுதான் கடினம். ஒரு வரி எழுதப்பட்டதா இல்லையா என்பதில் இவ்வளவு இருக்கிறது.

அடுத்து நாள் கணக்கு. 45 நாளில் போயிருக்க வேண்டியவர் ஹைகோர்ட்டில் மூன்று மாதம் காத்திருந்துவிட்டு வருகிறார். தவறான இடத்தில் நல்லெண்ணத்தோடு செலவிட்ட காலத்தைக் கழித்துவிட வேண்டும் என்பது காலவரம்புச் சட்டத்தின் 14ஆம் பிரிவு. தீர்ப்பாயங்களுக்கும் அந்தக் கொள்கை பொருந்தும் என்று 2015இல் எம்.பி. ஸ்டீல் வழக்கில் நீதிபதி ரோஹின்டன் நாரிமன் விரிவாக எழுதியிருக்கிறார். ஆனால் நல்லெண்ணம் இருந்தது என்பதை மனுதாரர்தான் காட்ட வேண்டும். உச்ச நீதிமன்றம் மூன்று முறை வேண்டாம் என்று சொன்ன பிறகும் ரிட் போட்டது நல்லெண்ணமா என்று வங்கியின் வக்கீல் கேட்பார். அந்தக் கேள்விக்கு மீன் வியாபாரியோ தையல்காரரோ என்ன பதில் சொல்ல முடியும்? ஹைகோர்ட் என்பது படகுத்துறையின் பெயராக இருக்கிற ஊரில் அவர் ஹைகோர்ட்டுக்குப் போனார், அவ்வளவுதான்.

அந்த மூன்று மாதத்தில் வீட்டை மீட்கும் உரிமையே போய்விடவும் கூடும். அடமானம் வைத்தவர் கடைசி நேரத்தில் பணத்தைக் கொண்டுவந்து கட்டிச் சொத்தை மீட்கலாம் என்பது நம் நாட்டு அடமானச் சட்டத்தில் ஆழமாக ஊறிய உரிமை. 2014இல், இதுவும் கேரளத்திலிருந்து போன வழக்கு, நீதிபதி இப்ராகிம் கலிஃபுல்லா எழுதிய தீர்ப்பு அந்த உரிமையை விரிவாகக் காத்தது. விற்பனைக்கு முன் முழுதாக 30 நாள் அவகாசம் தர வேண்டும், அது வெறும் சடங்கல்ல என்றது. 2016இல் பாராளுமன்றம் சட்டத்தைத் திருத்தியது. 2023 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அந்தத் திருத்தத்தைப் படித்து, ஏல அறிவிப்பு வெளியானதோடு மீட்கும் உரிமை முடிந்தது என்றது. இன்று ஒரு கதவிலிருந்து இன்னொரு கதவுக்கு நடக்கும் ஒவ்வொரு வாரமும் அந்த உரிமையிலிருந்து வெட்டப்படுகிற வாரம்.

கட்டணமும் உண்டு. ரிட் மனுவுக்குக் கடனின் அளவை வைத்துக் கட்டணம் இல்லை. தீர்ப்பாயத்தில் உண்டு. 10 லட்சத்துக்குக் குறைவான கடன் என்றால் ஒவ்வொரு லட்சத்துக்கும் 500 ரூபாய். அதற்கு மேல் 5,000 ரூபாயும், கூடுதலாகும் ஒவ்வொரு லட்சத்துக்கும் 250 ரூபாயும். 25 லட்சம் கடனுக்கு 8,750 ரூபாய். வங்கிக்கு இது ஒன்றுமில்லை. தவணை கட்ட முடியாமல்தான் இந்த நிலைக்கு வந்தவருக்கு இது ஒரு மாதத்து வீட்டுச் செலவு. தீர்ப்பாயத்தில் தோற்றால் மேல்முறையீடு சென்னையில். கொச்சிக்காரர் ரயிலேற வேண்டும். அதோடு கடனில் பாதியை முன்பணமாகக் கட்ட வேண்டும். மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் மனமிரங்கினாலும் நான்கில் ஒரு பங்குக்குக் கீழே குறைக்க முடியாது. தொடக்கத்தில் முதல் மனுவுக்கே 75 சதவீதம் கட்டு என்றுதான் இந்தச் சட்டம் சொன்னது. 2004இல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை அடித்துவிட்டது. இல்லாவிட்டால் பனம்பிள்ளி நகர் கதவும் பெயருக்குத்தான் இருந்திருக்கும்.

*

வங்கியின் பக்கத்தையும் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் அந்தப் பக்கத்தில் வங்கி மட்டும் இல்லை. 1960 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி கேரள உயர்நீதிமன்றத்தில் மனு செய்து பாலாய் சென்ட்ரல் பேங்கை இழுத்து மூடியது. வாழ்நாள் சேமிப்பை அதில் போட்டிருந்த குடும்பங்கள் தெருவுக்கு வந்தன. மகளின் கல்யாணத்துக்கென்று போட்ட பணம், ஓய்வுக்காலத்துக்கென்று போட்ட பணம். வைப்புத்தொகைக்குக் காப்பீடு வேண்டும் என்று 1961இல் சட்டம் வந்ததற்கு அந்தச் சரிவும் ஒரு காரணம். கடன் திரும்பாத வங்கி கடைசியில் யார் தலையில் விழும் என்று கேரளத்துக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. சிவில் கோர்ட்டுகளில் வங்கி வழக்குகள் பத்துப் பதினைந்து ஆண்டுகள் கிடந்த காலம் இருந்தது. அதைப் பார்த்துத்தான் நரசிம்மம் குழு தனித் தீர்ப்பாயம் வேண்டும் என்றது. 1993இல் அதற்கான சட்டம் வந்தது, 2002இல் சர்ஃபேசி வந்தது. வேண்டுமென்றே கட்டாத பெரிய கடனாளிகள் ரிட் மனுவைக் கேடயமாகப் பிடித்துக்கொண்டு ஆண்டுகளைக் கடத்தினார்கள் என்பதும் உண்மை. உச்ச நீதிமன்றத்தின் கோபத்துக்கு ஆதாரம் இல்லாமல் இல்லை. வங்கி வழக்குகளுக்கு ஒரே இடம் இருக்கட்டும், அது தீர்ப்பாயமாகவே இருக்கட்டும். இதில் எனக்கு மறுப்பில்லை.

அந்த 1993ஆம் ஆண்டுச் சட்டத்தின் 31ஆம் பிரிவில்தான் என் மனம் நிற்கிறது. தீர்ப்பாயம் ஏற்படுத்தப்பட்ட நாளில் சிவில் கோர்ட்டுகளில் நிலுவையில் இருந்த வங்கி வழக்குகள் எல்லாம் தாமாகவே தீர்ப்பாயத்துக்கு மாறிவிடும் என்கிறது அது. கோர்ட் கோப்பை அனுப்பும். தீர்ப்பாயம் விட்ட இடத்திலிருந்தோ வேறு கட்டத்திலிருந்தோ தொடரும். வங்கி எந்த வழக்கையும் வாபஸ் வாங்க வேண்டியதில்லை, மறுபடி தாக்கல் செய்ய வேண்டியதில்லை. 1956இல் மலபார் வழக்குகளுக்குக் கிடைத்த அதே ஏற்பாடு. வங்கி வழக்குப் போட்டவராக இருந்தபோது கோப்பு நடந்தது. கடனாளி வழக்குப் போட்டவராக இருக்கும்போது கடனாளி நடக்கிறார்.

சிவில் கோர்ட்டிலும் இந்த இரக்கம் உண்டு. தவறான கோர்ட்டில் பிராது கொடுத்தால் 7ஆம் கட்டளையின் 10ஆம் விதிப்படி கோர்ட் அதைத் திருப்பிக் கொடுத்து, சரியான கோர்ட்டில் தாக்கல் செய்யச் சொல்லும். எதிர்த்தரப்பு ஆஜராக நாளும் குறிக்கலாம். முதலில் கட்டிய கட்டணத்தைச் சரிக்கட்டக் கேட்கலாம், போன காலத்தைக் கழிக்கக் கேட்கலாம் என்று ஓ.என்.ஜி.சி. வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. ஒரு முன்சீப் கோர்ட் காட்டும் இந்தக் கருணையை, அரசியல் சட்டத்தின் மிகப் பெரிய அதிகாரத்தைக் கையில் வைத்திருக்கிற உயர்நீதிமன்றம் ஏன் காட்டக்கூடாது?

காட்டுவதில்லை என்றும் சொல்லிவிட முடியாது. பல நீதிபதிகள் மனுவை வாபஸ் பெற அனுமதிக்கும்போதே இரண்டு வாரத்துக்கு ஜப்தி வேண்டாம், அதற்குள் தீர்ப்பாயத்துக்குப் போகட்டும் என்று ஒரு வரி சேர்க்கிறார்கள். ஹைகோர்ட்டில் போன நாட்களைத் தீர்ப்பாயம் கணக்கில் கொள்ளட்டும் என்று சிலர் எழுதுகிறார்கள். எழுதாதவர்களும் இருக்கிறார்கள். அன்றைக்கு எந்த நீதிபதி, எந்த வக்கீல், அவர் அந்த வரியைக் கேட்க நினைத்தாரா, கேட்டபோது நேரம் மாலை நாலரையா என்பதையெல்லாம் பொறுத்து ஒரு வீட்டின் கதி அமைகிறது. இது தயவாக இருக்கக் கூடாது. விதியாக வேண்டும். சர்ஃபேசி விவகாரத்தில் உயர்நீதிமன்றம் ரிட் மனுவை ஏற்காவிட்டால், அந்த மனுவையும் இணைப்புகளையும் அப்படியே தீர்ப்பாயத்துக்கு அனுப்ப வேண்டும். ரிட் தாக்கலான நாளையே தீர்ப்பாயத்தில் தாக்கலான நாளாகக் கொள்ள வேண்டும். தீர்ப்பாயம் முதல் முறை கேட்கும்வரை வீட்டில் யாரும் பூட்டுப் போடக் கூடாது. கட்டண வித்தியாசத்தைக் கட்ட அவகாசம் தரலாம். இதனால் வங்கிக்கு இழப்பு என்று சொல்ல முடியாது. இப்போதும் வாபசும் மறுதாக்கலும் தின்கிற வாரங்கள்தான் இவை. ஏமாற்றுக்காரர் இதைப் பயன்படுத்திக்கொள்வாரே என்றால், அவரை விரைந்து விசாரித்து வெளியே அனுப்பத்தானே தீர்ப்பாயம் இருக்கிறது? இரண்டு மாதத்துக்குள், எப்படியும் நான்கு மாதத்துக்குள் முடிக்க வேண்டும் என்று சர்ஃபேசியின் 17ஆம் பிரிவே சொல்கிறது.

தவறான கதவுக்குப் போனது எப்போதும் மனுதாரரின் தவறுமல்ல. 2021 டிசம்பரில் நாட்டின் பல கடன் மீட்புத் தீர்ப்பாயங்களில் தலைமை அதிகாரியே இல்லை. அப்போது உச்ச நீதிமன்றம், தீர்ப்பாயங்களுக்குப் போக வேண்டிய மனுக்களை அந்த இடங்கள் நிரம்பும்வரை நீங்களே கேளுங்கள் என்று உயர்நீதிமன்றங்களிடம் கேட்டுக்கொண்டது. நாற்காலி நிரம்பாதபோது மக்களை ஹைகோர்ட்டுக்கு வரச் சொன்னார்கள். நிரம்பிய பிறகு அங்கே வந்ததற்காக அதட்டினார்கள். ஓர் ஏழைக் குடும்பம் இந்த மாற்றங்களை எந்தப் பத்திரிகையில் படித்திருக்கும்?

வங்கியோடு எல்லாத் தகராறும் வீட்டைப் பற்றியதல்ல. கணக்கில் தவறாகப் பிடித்த பணம், கொடுக்காத பத்திரம் என்று எத்தனையோ. அவற்றுக்கு ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளர் இருக்கிறார். 2021 நவம்பரில் கொண்டுவந்த ஒருங்கிணைந்த திட்டத்தில் புகாருக்குக் கட்டணம் கிடையாது, வக்கீல் வேண்டியதில்லை. முதலில் வங்கிக்கு எழுதி 30 நாள் பார்க்க வேண்டும். ஆனால் அதே விஷயம் ஒரு கோர்ட்டில் நிலுவையில் இருந்தால் அவர் தொடமாட்டார். இங்கே வாபஸ் என்பது தோல்வியே இல்லை, செலவில்லாத வழிக்குப் போகும் முதல் படி. அதைத் தெரிந்தவர்கள் குறைவு. கேரளத்தில் ஒவ்வொரு வார்டிலும் அங்கன்வாடியும் குடும்பஸ்ரீ கூட்டமும் இருக்கின்றன. ஒரு நோட்டீஸ் வந்தால் எங்கே போவது, எத்தனை நாளில் போவது என்று அங்கே ஒரு தாளில் மலையாளத்திலும், தமிழர் வாழும் தெருக்களில் தமிழிலும் ஒட்டிவைக்க முடியாதா? வங்கி கதவில் ஒட்டுகிற நோட்டீஸிலேயே, இதை எதிர்க்க வேண்டிய இடம் இன்ன முகவரியில் இருக்கிறது, இன்ன தேதிக்குள் போக வேண்டும் என்று அந்த வீட்டு மொழியில் ஒரு வரி இருக்க வேண்டும் என்று ரிசர்வ் வங்கி உத்தரவிட முடியாதா? வீட்டைப் பூட்டுவதற்கு வேண்டிய முகவரி வங்கிக்குத் தெரிகிறது. காப்பாற்றுவதற்கு வேண்டிய முகவரியையும் வங்கியே சொல்லட்டும்.

சட்டம் மாறும்வரை என்ன செய்வது? இதைப் படிப்பவர் வீட்டிலோ தெருவிலோ யாருக்காவது இந்த நிலை வந்தால், வக்கீல் வாபஸ் என்று சொல்லும் நாளில் நீங்கள் கோர்ட்டுக்குள் இருங்கள். வாபஸ் வாங்குவதற்கு முன்பே வக்கீலிடம் கேளுங்கள்: தீர்ப்பாயத்துக்குப் போகவும், வேண்டுமானால் திரும்பி வரவும் உரிமையை உத்தரவில் எழுதி வாங்குவீர்களா? அதுவரை ஜப்திக்குத் தடை கேட்பீர்களா? இங்கே போன நாட்களைக் கழிக்கச் சொல்லிக் கேட்பீர்களா? உடைமை நோட்டீஸ் கதவில் ஏறிய உடனேயே தீர்ப்பாயத்துக்குப் போகலாம், பூட்டுப் போடும்வரை காத்திருக்க வேண்டியதில்லை என்று 2018 நவம்பரில் ஹிண்டன் ஃபோர்ஜ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்திருக்கிறது. ஆகவே அந்தத் தாள் கதவில் ஏறிய தேதியை எழுதிவைத்துக்கொள்ளுங்கள். 45 நாள் அன்றிலிருந்து ஓடுகிறது.